பத்தடி வளையம், ஐந்தடி நாலங்குலம்

2017 ஜூலைக் கடைசியில் பெங்களூருவில் பெண்களுக்கான ஆசியக் கோப்பைக் கூடைப்பந்துப் போட்டி நடந்தது. இரண்டு பிரிவுகள், இரண்டு இறுதி ஆட்டங்கள். இரண்டாம் பிரிவில் இந்தியா 75-73 என்று கஜகஸ்தானை வென்று முதல் பிரிவுக்கு ஏறியது. சொந்த மண், சொந்த ரசிகர்கள், இரண்டே புள்ளி வித்தியாசம். நம் சென்னையின் அனிதா பால்துரை ஆடிய அணி அது. அன்று அரங்கை விட்டு வெளியே வந்தவர்களுக்குத் தரையில் கால் பாவியிருக்காது.

முதல் பிரிவின் இறுதியில் மோதியவை ஜப்பானும் ஆஸ்திரேலியாவும். ஆஸ்திரேலியா ஆசியக் கோப்பைக்குள் வந்ததே அந்த ஆண்டில்தான். நல்ல வாட்டசாட்டமான அணி. ஜப்பான் 74-73 என்று வென்றது. நம் வெற்றியின் பூரிப்பில் அந்த ஒரு புள்ளியைப் பற்றி இங்கே யாரும் பெரிதாகப் பேசவில்லை. இன்று யோசித்தால், நாம் கண் கொட்டாமல் பார்த்திருக்க வேண்டிய ஆட்டம் அதுதான் என்று தோன்றுகிறது. நம் பெண்களைப் போலவே உயரத்தில் பின்தங்கிய ஓர் அணி, தன்னைவிட வளர்ந்தவர்களை எப்படி மடக்குவது என்று நம் ஊரிலேயே வந்து ஆடிக் காட்டிவிட்டுப் போயிருக்கிறது.

நம் பள்ளி மைதானங்களில் கூடைப்பந்து ஆட வரும் எந்தச் சிறுமியிடமும் முதலில் கேட்கப்படும் கேள்வி, “ஹைட் எவ்வளவும்மா?” என்பதுதான். பந்தைத் தட்டத் தெரியுமா, ஓட முடியுமா என்பதெல்லாம் அப்புறம். “நல்லாத்தான் ஆடுது, ஆனா உயரம் பத்தாது” என்ற ஒரு வாக்கியத்தில் எத்தனையோ பெண்களின் ஆட்டம் முடிந்துபோயிருக்கிறது. வளையம் தரையிலிருந்து 3.05 மீட்டர் உயரத்தில், அதாவது பத்தடியில், தொங்குகிறது. அது யாருக்காகவும் கீழே இறங்கி வராது. ஆகவே வளர்ந்தவர்களுக்கே இந்த ஆட்டம் என்று நாம் முடிவு கட்டிவிட்டோம். உலகத்தில் பெரும்பாலோரும் அப்படித்தான் முடிவு கட்டியிருந்தார்கள்.

ஜப்பான் அணியின் ருயி மச்சிதாவுக்கு உயரம் 162 சென்டிமீட்டர். நம் கணக்கில் ஐந்தடி நாலங்குலம். சென்னை மாநகரப் பேருந்தில் நம் பக்கத்தில் நிற்கும் பெண்ணின் உயரம். ஒலிம்பிக் பெண்கள் கூடைப்பந்து வரலாற்றில் ஓர் ஆட்டத்தில் அதுவரை யாரும் கொடுத்திராத அளவுக்கு அசிஸ்ட், அதாவது சக வீராங்கனை புள்ளி எடுக்க வழி செய்யும் பந்து, கொடுத்தவர் அவர்.

ஒரு கோச்சின் பேராசை

டாம் ஹோவாஸ் அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்துக்காரர். பென் ஸ்டேட் பல்கலைக்கழகத்தில் ஆடியவர். 1990-ல் டொயோட்டா நிறுவன அணிக்கு ஆடுவதற்காக ஜப்பான் வந்தார். நடுவில் அமெரிக்காவின் என்.பி.ஏ.வில் அட்லாண்டா அணிக்குக் கொஞ்ச காலம் ஆடினாலும், அவர் வாழ்க்கை ஜப்பானோடு ஒட்டிக்கொண்டது. பிற்பாடு பெட்ரோலிய நிறுவனமான எனியோஸின் பெண்கள் அணிக்குப் பயிற்சியாளர் ஆனார். 2016 ரியோ ஒலிம்பிக்கில் ஜப்பான் தேசிய அணியின் துணைப் பயிற்சியாளர். அங்கே காலிறுதியில் ஜப்பானை அமெரிக்கா 110-64 என்று நசுக்கியது. 46 புள்ளி வித்தியாசம்.

அடுத்த ஆண்டு அவரைத் தலைமைப் பயிற்சியாளராக அறிவித்தபோது, தமது இலக்கு என்ன என்பதை அவர் சுற்றி வளைக்காமல் சொன்னார். டோக்கியோ ஒலிம்பிக்கின் இறுதி ஆட்டத்தில் அமெரிக்காவைச் சந்திப்பது, தங்கம் வெல்வது. 46 புள்ளியில் தோற்று ஆறு மாதம்கூட ஆகாத அணியைப் பற்றிய பேச்சு இது. அமெரிக்கப் பெண்கள் அணி ஒலிம்பிக்கில் கடைசியாகத் தோற்றது 1992-ல். அந்தத் தோல்வியைப் பார்த்த நினைவுகூட இல்லாத பெண்கள்தான் இப்போது ஜப்பான் அணியில் ஆடிக்கொண்டிருந்தார்கள். பேராசை என்று யாராவது நினைத்திருந்தால் அவர்களைக் குறை சொல்ல முடியாது.

பெங்களூரு ஆசியக் கோப்பைதான் தலைமைப் பயிற்சியாளராக ஹோவாஸுக்கு முதல் பெரிய போட்டி. 2019-ல் அதே பெங்களூருவின் கண்டீரவா உள்ளரங்கத்துக்குத் திரும்பி வந்து, சீனாவை 71-68 என்று வென்று மறுபடியும் கோப்பையைக் கொண்டுபோனார். டோக்கியோ பயணத்தின் இரண்டு முக்கியமான படிகள் நம்மிடமிருந்து ஓர் இரவு ரயில் தூரத்தில் இருந்தன.

அவர் ஜப்பானியரிடம் ஜப்பானிய மொழியிலேயே பேசுவார். மொழிபெயர்ப்பாளர் கிடையாது. டைம் அவுட்டில் வீராங்கனைகள் அவரைச் சுற்றி உட்கார்ந்திருக்க, அவர் முகம் சிவந்து ஜப்பானிய மொழியில் கத்துவதை ஒலிம்பிக்கின்போது அந்த நாடே தொலைக்காட்சியில் பார்த்தது. எனக்கு இது சின்ன விஷயமாகத் தெரியவில்லை. வெளிநாட்டுப் பயிற்சியாளர் சொன்னதை இன்னொருவர் எடுத்துச் சொல்லும்போது கோபம் ஆறிவிடுகிறது, பாராட்டும் சப்பென்று ஆகிவிடுகிறது. கூடைப்பந்தில் டைம் அவுட் என்பது ஒரு நிமிட நேரம். அந்த ஒரு நிமிடத்தில் பாதியை மொழிபெயர்ப்புக்குக் கொடுக்க முடியாது.

பள்ளிக் கணக்கு

ஹோவாஸ் கையில் எடுத்தது ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகூடப் போடக்கூடிய கணக்கு. வளையத்துக்கு அருகிலிருந்து எறிந்தால் இரண்டு புள்ளி. 6.75 மீட்டர் தள்ளியிருக்கும் வளைகோட்டுக்கு வெளியிலிருந்து எறிந்தால் மூன்று. அருகிலிருந்து நூறு முறை எறிந்து ஐம்பது விழுந்தால் நூறு புள்ளி. தூரத்திலிருந்து நூறு முறை எறிந்து முப்பத்து நான்கு விழுந்தாலே நூற்று இரண்டு. வளையத்துக்கு அடியில், ஆறரை அடிப் பெண்களின் கைக்காட்டுக்குள் புகுந்து ஐம்பது போடுவதைவிட, வெளியில் நின்று முப்பத்து நான்கு போடுவது குள்ளமான அணிக்கு நடக்கிற காரியம்.

இதில் இரண்டாவது ஒரு லாபமும் உண்டு. எல்லா அணியும் தன் மிக உயரமான வீராங்கனையை வளையத்துக்கு அடியில் காவலுக்கு நிறுத்தும். சென்டர் என்பார்கள். கோயில் வாசலில் நிற்கும் துவாரபாலகர் மாதிரி. அவரை அங்கிருந்து நகர்த்தினால்தான் வாசல் திறக்கும். ஜப்பானின் சென்டர் மாக்கி தக்காதா. அணித் தலைவியும் அவரே. உயரம் 185 சென்டிமீட்டர்தான். இவர் வளையத்துக்கு அடியில் போய் முட்டிக்கொண்டு நிற்காமல் வளைகோட்டுக்கு வெளியே வந்து நின்றுகொள்வார். எதிரணியின் துவாரபாலகருக்கு இப்போது இரண்டே வழி. தக்காதாவைத் தொடர்ந்து வெளியே வந்தால் வாசல் காலி, மச்சிதா புயலாக உள்ளே நுழைந்துவிடுவார். வராமல் வாசலிலேயே நின்றால், தக்காதா நிதானமாக மூன்று புள்ளி எறிவார்.

மச்சிதாவும் தக்காதாவும் சேர்ந்து செய்யும் இந்த வேலையை டோக்கியோ ஆட்டங்களின் காணொளியில் மெதுவாக ஓட்டிப் பார்த்தேன். மச்சிதா பந்தைத் தட்டிக்கொண்டு வலப்பக்கம் வருகிறார். தக்காதா வந்து, மச்சிதாவைக் காவல் காக்கும் பெண்ணின் வழியில் சுவர் மாதிரி நிற்கிறார். காவல்காரி சுவரைச் சுற்றி வருவதற்குள் மச்சிதா இரண்டு எட்டு உள்ளே போயிருப்பார். உயரமான பெண் கையைத் தூக்கிக்கொண்டு அவரை மறிக்க வருகிறாள். மச்சிதாவின் பார்வை வளையத்தில் இருக்கிறது. எல்லோரும் அவர் எறியப் போகிறார் என்றே நினைக்கிறோம். பார்வை அங்கேயே நிற்க, பந்து மட்டும் இடுப்பு உயரத்தில் எங்கோ பின்பக்கம் பறக்கிறது. அங்கே ஒருத்தி காத்திருக்கிறாள். ஓங்கிய கைகளுக்குக் கீழே எவ்வளவு இடம் காலியாக இருக்கிறது என்பதைக் குள்ளமான ஒருவரால்தான் இப்படிக் கண்டுபிடிக்க முடியும்.

தற்காப்பிலும் இதே புத்தி. பந்து காற்றில் இருக்கும்போதுதான் உயரத்துக்கு வேலை. தரையில் தட்டிக்கொண்டு வரும்போது வளர்ந்தவளுக்குக் குனிய வேண்டியிருக்கிறது. அதனால் எதிரணி பந்தைக் கையில் எடுத்த இடத்திலேயே, ஆடுகளத்தின் மறு கோடியிலேயே, ஜப்பான் பெண்கள் போய் மேலே விழுவார்கள். ஒருத்தியை இருவர் சூழ்வார்கள். எறிவதற்கு மொத்தமே 24 வினாடி அவகாசம் உள்ள ஆட்டத்தில், பாதிக் களத்தைத் தாண்டவே எதிராளிக்கு மூச்சு வாங்கும். நாற்பது நிமிடமும் இப்படி ஓட வேண்டுமென்றால் கால்களுக்கு அதற்கேற்ற பயிற்சி வேண்டும். மாதக் கணக்கில் ஒன்றாக முகாமில் தங்கி ஓடியது அதற்குத்தான். அமெரிக்க வீராங்கனைகளோ தங்கள் தொழில்முறை லீக் பருவத்தின் நடுவில் கிளம்பி வந்து, சில நாட்கள் மட்டுமே சேர்ந்து பயிற்சி எடுத்தவர்கள்.

திறந்த வாய்ப்பு கிடைத்தும் எறியத் தயங்கி, பக்கத்திலிருப்பவளிடம் பந்தைத் தள்ளிவிடுவதுதான் ஹோவாஸுக்குப் பிடிக்காத ஒரே குற்றம். எறிந்து தவறினால் திட்டு இல்லை. பெரியவர்கள் முன்னால் அடக்கமாக இருக்கப் பழக்கப்பட்ட பெண்களுக்கு இதுதான் கடினமான பாடமாக இருந்திருக்க வேண்டும். நம் வீட்டுப் பெண்களை வைத்து யோசித்தால் புரியும்.

பதினைந்தரை வினாடி

எல்லாம் கூடிவந்த நேரத்தில் ஓர் இடி விழுந்தது. அணியிலேயே உயரமானவர் ராமு தொகாஷிகி, 193 சென்டிமீட்டர். அமெரிக்காவின் டபிள்யூ.என்.பி.ஏ.வில் சியாட்டில் அணிக்கு மூன்று பருவங்கள் ஆடியவர். 2020 டிசம்பரில், உள்நாட்டுப் போட்டி ஒன்றில், அவருடைய வலது முழங்கால் தசைநார் கிழிந்தது. ஒலிம்பிக் கிடையாது. இருந்த ஒரே கோபுரமும் சாய்ந்தது. மிச்சமிருந்தது 176 சென்டிமீட்டரை ஒட்டிய சராசரி உயரம் கொண்ட பன்னிரண்டு பேர்.

கொரோனாவால் ஓராண்டு தள்ளிப்போன ஒலிம்பிக், 2021 ஜூலையில் ஆளில்லாத அரங்குகளில் தொடங்கியது. கூடைப்பந்து நடந்தது டோக்கியோவுக்கு வடக்கே சைதாமா சூப்பர் அரீனாவில். முதல் ஆட்டத்திலேயே பிரான்ஸை 74-70 என்று ஜப்பான் வென்றது. அமெரிக்காவிடம் 86-69 என்று தோற்றது. நைஜீரியாவை 102-83 என்று வென்றது. அந்த ஆட்டத்தில் மச்சிதா 15 அசிஸ்ட் கொடுத்தார்.

ஆகஸ்ட் 4, புதன்கிழமை. காலிறுதியில் பெல்ஜியம். எம்மா மீஸ்மன் என்ற அபாரமான ஆட்டக்காரியைக் கொண்ட அணி. ஆட்டம் முடியும் தறுவாயில் ஜப்பான் 83-85 என்று பின்தங்கி நிற்கிறது. சொந்த நாட்டில், காலி நாற்காலிகளுக்கு முன்னால், இரண்டு புள்ளி பின்னால். சமன் செய்தால் போதும் என்று எந்த அணிக்கும் தோன்றும் நேரம். பந்து சாகி ஹயாஷியிடம் வருகிறது. 173 சென்டிமீட்டர் உயரமுள்ள பெண். அணியில் அவருக்கு இருந்த வேலையே தூரத்திலிருந்து எறிவதுதான். வளைகோட்டுக்கு வெளியே எழும்பி எறிந்தார். விழுந்தது. 86-85. கடிகாரத்தில் 15.5 வினாடி மிச்சம்.

அந்த எறிதலை நான் எத்தனை முறை பார்த்திருப்பேன் என்று கணக்கில்லை. ஒவ்வொரு முறையும் என் கண் போவது ஹயாஷியின் கால்களுக்கு. பந்து கைக்கு வருவதற்கு முன்பே அவை எறியத் தயாராக நின்றுவிட்டன. யோசிக்க நேரம் எடுத்துக்கொண்டிருந்தால், பெல்ஜியப் பெண்ணின் நீண்ட கை எட்டியிருக்கும். எறியத் தயங்குவதுதான் குற்றம் என்று நான்கு ஆண்டுகளாகக் காதில் விழுந்த கூச்சல் அந்த ஒரு நொடியில் வேலை செய்தது. பெல்ஜியத்தின் கடைசி முயற்சி வளையத்துக்குள் விழவில்லை. ஜப்பானின் எந்தக் கூடைப்பந்து அணியும் அதுவரை ஒலிம்பிக் அரையிறுதியைப் பார்த்ததில்லை.

அரையிறுதியில் மறுபடியும் பிரான்ஸ். இந்த முறை நான்கு புள்ளி அல்ல, 87-71. மச்சிதா 18 அசிஸ்ட். கொஞ்சம் நிதானித்து எண்ணிப் பார்க்கலாம். ஒரு அசிஸ்ட் என்றால் அவர் கொடுத்த பந்தை வாங்கியவர் உடனே புள்ளி எடுத்தார் என்று பொருள். ஒவ்வொன்றுக்கும் பெரும்பாலும் குறைந்தது இரண்டு. ஆக, அணியின் 87-ல் ஏறக்குறைய 36 புள்ளியாவது, அவர் தாமே எறிந்து அல்ல, கொடுத்ததாலேயே வந்தவை. களத்தில் இருந்ததிலேயே மிகச் சின்னப் பெண்ணின் கையில்தான் ஆட்டத்தின் கடிவாளம் இருந்தது.

ஆகஸ்ட் 8, ஞாயிற்றுக்கிழமை. ஒலிம்பிக்கின் கடைசி நாள். முந்தைய நாள்தான் நீரஜ் சோப்ரா ஈட்டி எறிதலில் தங்கம் வென்றிருந்தார். நம் வீடுகளில் காலையில் பேப்பரைப் பிரித்தவர்கள் எல்லோரும் அவர் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்த நேரத்தில், சைதாமாவில் ஹோவாஸ் 2017-ல் சொன்ன ஆட்டம் தொடங்கியது. இறுதிப்போட்டி, எதிரே அமெரிக்கா. சொன்ன வாக்கில் முதல் பாதி அச்சு மாறாமல் நிறைவேறிவிட்டது.

இரண்டாம் பாதி நிறைவேறவில்லை. அமெரிக்காவின் பிரிட்னி கிரைனர் 206 சென்டிமீட்டர். தக்காதாவைவிட ஒரு சாண் உயரம், மச்சிதாவைவிட ஏறக்குறைய ஒரு முழம் உயரம். பந்தைத் தலைக்கு மேலே வாங்கி, தலைக்கு மேலேயே வைத்து, அப்படியே வளையத்துக்குள் போட்டார். தரையில் தட்டவே இல்லை என்றால் தட்டிப் பறிக்க எதுவும் இல்லை. அவர் மட்டும் 30 புள்ளி. ஒலிம்பிக் பெண்கள் இறுதி ஆட்டத்தில் அமெரிக்கர் ஒருவர் எடுத்த அதிகபட்சம். 90-75 என்று முடிந்தது. அமெரிக்காவுக்கு அது தொடர்ந்து 55-வது ஒலிம்பிக் வெற்றி. அந்த அணியின் சூ பேர்டுக்கும் டயானா டௌராசிக்கும் ஐந்தாவது தங்கம்.

ஜப்பான் பெண்கள் வெள்ளிப் பதக்கத்தைக் கழுத்தில் போட்டுக்கொண்டு நின்றார்கள். ரியோவில் 46 புள்ளி, இங்கே 15. உயரமே எல்லாம் என்பதற்கு இந்த இறுதி ஆட்டத்தை உதாரணமாகக் காட்டுவோர் உண்டு. கிரைனரைப் பார்த்தால் அப்படித் தோன்றுவதும் நியாயம்தான். ஆனால் அந்த மேடைக்கு வரும் வழியில் பிரான்ஸும் பெல்ஜியமும் நைஜீரியாவும் இருந்தன. அவர்களில் ஒருவரும் ஜப்பானைவிடக் குள்ளமானவர்கள் இல்லை.

பழைய நெருப்பு

இந்தக் கதையை ஹோவாஸிலிருந்து தொடங்குவது ஒரு வகையில் அநியாயம். 1891 டிசம்பரில் அமெரிக்காவின் ஸ்ப்ரிங்ஃபீல்டில் ஜேம்ஸ் நைஸ்மித் இந்த விளையாட்டைக் கண்டுபிடித்து முதன்முதலாக ஆட வைத்த பதினெட்டு மாணவர்களில் ஒருவர் ஜப்பானியர், கென்சாபுரோ இஷிகாவா. 1975-ல் கொலம்பியாவில் நடந்த உலகப் போட்டியில் ஜப்பான் பெண்கள் சோவியத் யூனியனுக்கு அடுத்து இரண்டாம் இடம் பிடித்தார்கள். 1976 மான்ட்ரியாலில் பெண்கள் கூடைப்பந்து ஒலிம்பிக்கில் முதன்முறையாக இடம்பெற்றபோது, முதல் ஆட்டமே ஜப்பானுக்கும் அமெரிக்காவுக்கும்தான். அதில் 84-71 என்று ஜப்பான் வென்றது. ஹோவாஸின் பேராசைக்கு நாற்பது ஆண்டுக்கு முந்தைய முன்னுதாரணம் ஒன்று இருந்திருக்கிறது.

அந்த நெருப்பு அணையாமல் இருந்ததற்குக் காரணம் நிறுவன அணிகள். மச்சிதா கணினி நிறுவனமான ஃபுஜித்ஸுவுக்கு ஆடியவர். தக்காதா கார் உதிரிபாகம் செய்யும் டென்சோவுக்கு. எனியோஸ், டொயோட்டா, மிட்சுபிஷி எலெக்ட்ரிக், சான்சன் என்ற அழகுசாதன நிறுவனம் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு பெண்கள் அணி. பள்ளியில் புகட்சு என்று ஒரு வழக்கம் உண்டு. வகுப்பு முடிந்ததும் பிள்ளைகள் பலரும் ஏதோ ஒரு குழுவில் சேர்ந்து, அன்றாடம் மாலை அதையே செய்வது. மச்சிதா வடக்கே, பனி கொட்டும் ஹொக்கைடோ தீவின் அசாஹிகாவாவில் பிறந்து, சப்போரோவில் உயர்நிலைப் பள்ளியில் படித்து, அங்கிருந்து நேரே நிறுவன அணிக்கு வந்தவர். பள்ளி, நிறுவனம், தேசிய அணி என்று படிக்கட்டு உடையாமல் இருக்கிறது.

நம் ரயில்வேயை நினைத்துக்கொள்ளுங்கள். அனிதா பால்துரை உட்பட நம் நல்ல வீராங்கனைகள் பலருக்குச் சோறு போட்டது ரயில்வே வேலைதான். வேலை கொடுத்து ஆட வைக்கும் ஏற்பாடு நமக்கும் புதிதல்ல. வித்தியாசம் அதற்குப் பிறகு வருகிறது. அங்கே அந்த நிறுவன அணிகள் ஒன்றோடொன்று மாதக் கணக்கில், ஆண்டு தவறாமல், லீக் ஆட்டங்கள் ஆடுகின்றன. இங்கே பெண்களுக்கு அப்படி ஒரு லீக் வேரூன்றவில்லை. வேலை நிரந்தரம், ஆட்டம் எப்போதாவது.

2021 செப்டம்பரில், அந்த வெள்ளிப் பதக்கத்தின் ஈரம் காய்வதற்குள், ஜோர்டானின் அம்மானில் ஆசியக் கோப்பை நடந்தது. ஹோவாஸ் அதற்குள் ஜப்பான் ஆண்கள் அணிக்குப் போய்விட்டார். தோரு ஒன்சுகா பயிற்சியில், பெரும்பாலும் இளையவர்களைக் கொண்டு வந்த ஜப்பான், இந்தியாவை 136-46 என்று வென்றது. தொண்ணூறு புள்ளி. நான்கு ஆண்டுக்கு முன் பெங்களூருவில் ஒரே வாரத்தில் கோப்பை தூக்கிய இரண்டு அணிகள் இவை. நம் பெண்கள் ஒன்றும் அதற்குள் குள்ளமாகிவிடவில்லை. அவர்கள் ஆடாமல் கழிந்த நாட்களின் கூட்டுத்தொகைதான் அந்தத் தொண்ணூறு. இதை எழுதும்போது எனக்கு வருத்தமாக இருக்கிறது. நம் பெண்களின் உழைப்பில் எந்தக் குறையும் இல்லை என்பதால் கூடுதல் வருத்தம்.

ஜப்பான் அணியில் இன்னொன்றையும் கவனித்தேன். மோனிகா ஒகோயேயின் அப்பா நைஜீரியர். எவெலின் மவுலியின் பெற்றோர் கானாவைச் சேர்ந்தவர்கள், பதின்வயதில்தான் அவர் ஜப்பானியக் குடியுரிமை பெற்றார். ஒரே முகச்சாயலைத் தேசத்தின் அடையாளமாக நினைத்துப் பழகிய நாட்டில், ஜப்பான் என்று நெஞ்சில் எழுதிய சட்டையோடு இவர்கள் ஓடியதை அங்குள்ள பிள்ளைகள் பார்த்தார்கள். அதுவும் அந்த வெள்ளியோடு சேர்ந்து வந்த வரவு.

விழாத நாட்கள்

தூரத்திலிருந்து எறிவதை நம்பி வாழ்பவர்களுக்கு மழையை நம்பி விதைப்பவர்களின் கதிதான். விழுகிற நாளில் வீடு நிறையும், விழாத நாளில் ஒன்றும் இருக்காது. அம்மானில் சீனாவை 78-73 என்று வென்று, தொடர்ந்து ஐந்தாவது ஆசியக் கோப்பையை எடுத்ததோடு ஜப்பானின் நல்ல காலம் கொஞ்சம் நின்றது. 2022 சிட்னி உலகக் கோப்பையில் ஐந்து ஆட்டங்களில் ஒரே வெற்றி. 2023 ஆசியக் கோப்பை இறுதியில் சீனா 73-71 என்று பழி தீர்த்துக்கொண்டது.

2024 பிப்ரவரியில் ஹங்கேரியின் ஷோப்ரோனில் ஒலிம்பிக் தகுதிச் சுற்று. ஸ்பெயினை 86-75 என்று வென்று, ஹங்கேரியிடம் தோற்று, கடைசி நாளில் கனடாவை 86-82 என்று வென்று பாரிஸுக்குச் சீட்டு வாங்கினார்கள். பாரிஸ் ஒலிம்பிக்கின் முதல் சுற்று நடந்த லீலில் மூன்றும் தோல்வி. அமெரிக்காவிடம் 102-76, ஜெர்மனியிடம் 75-64, டோக்கியோவில் அழ வைத்த அதே பெல்ஜியத்திடம் 85-58. எல்லா அணிகளும் இப்போது தூரத்திலிருந்து எறியக் கற்றுக்கொண்டுவிட்டன. வளர்ந்தவர்களும் எறியத் தொடங்கிவிட்டால் குள்ளமானவர்களுக்கு அந்தக் கணக்கின் லாபம் பாதியாகிவிடும். அந்த வகையில் உலகமே ஜப்பானிடம் பாடம் படித்தது என்றும் சொல்லலாம். ஆனால் தோற்று வெளியேறும்போது அது யாருக்கும் ஆறுதலாக இருந்திருக்காது.

2025 ஜூலையில் சீனாவின் ஷென்ஜெனில் மறுபடி ஆசியக் கோப்பை. புதிய பயிற்சியாளர் கோரி கெய்ன்ஸ், பல புதிய முகங்கள். இறுதியில் ஆஸ்திரேலியாவிடம் 88-79 என்று தோற்றார்கள். பெங்களூருவில் ஒரு புள்ளியில் நழுவிய கோப்பையை ஆஸ்திரேலியா எட்டு ஆண்டு கழித்து முதன்முறையாகத் தொட்டது. ஆனால் என் மனதில் நிற்பது அதற்கு முந்தைய நாள் அரையிறுதி.

எதிரே சீனா. சொந்த மண்ணில், அரங்கம் நிறைய அவர்கள் ரசிகர்கள். சீன அணியில் 18 வயதுப் பெண் ஒருத்தி, ஜாங் ஸியூ. உயரம் 220 சென்டிமீட்டர், ஏழடியைத் தாண்டி இரண்டு அங்குலம். கிரைனரைவிடவும் பதினான்கு சென்டிமீட்டர் அதிகம். அவர் கையைத் தூக்கிப் பந்தை வாங்கிவிட்டால் பூமியில் எந்தப் பெண்ணாலும் அதைத் தடுக்க முடியாது. ஜப்பான் பெண்கள் வழக்கம்போலப் பந்து வரும் வழியில் போய் விழுந்தார்கள். மறு முனையில், ஏழடிக்காரி ஓடிவந்து சேர்வதற்குள் எறிந்தார்கள். 19 வயது கொகோரோ தனாகா முன்னால் நின்று புள்ளிகளைக் குவித்தார். ஆட்டம் முடிந்தபோது பலகையில் ஜப்பான் 90, சீனா 81.